அம்மா, அப்பா, அப்பாவின் மனைவி: மூவரையும் ஒரே கல்யாணத்துக்கு எப்படி அழைப்பது?

நடுவில்நான் எழுதியது

வணக்கம். ரொம்ப நாளாக இங்கே படித்துக்கொண்டிருக்கிறேன், எழுதுவது இதுதான் முதல் தடவை. கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு 29 வயது. இன்னும் பதினான்கு வாரத்தில் கல்யாணம். அவரை நான்கு வருடமாகத் தெரியும், அவர் விஷயத்தில் எனக்கு ஒரு துளி சந்தேகமும் இல்லை. சிக்கல் என் வீட்டில்.

எனக்குப் பதினேழு வயது இருக்கும்போது அப்பா வீட்டை விட்டுப் போனார். விவாகரத்து முடிய மூன்று வருடம் ஆனது. அடுத்த வருடமே அவர் வேறொருவரைத் திருமணம் செய்துகொண்டார். அந்தப் பெண்தான் குடும்பம் உடைந்ததற்குக் காரணம் என்று அம்மா நம்புகிறார். அது எவ்வளவு உண்மை என்று எனக்குத் தெரியாது, கேட்கத் துணிவு வந்ததில்லை. நான் அப்பாவை மாதம் ஒருமுறை போய்ப் பார்ப்பேன். தம்பி அவரோடு பேச்சே வைத்துக்கொள்வதில்லை.

அழைக்கவேண்டியவர்கள் பட்டியல் எழுத உட்கார்ந்த அன்று அம்மா சொன்னார்: "உன் அப்பா வரட்டும், நான் தடுக்கவில்லை. அவள் வந்தால் நான் வரமாட்டேன்." இதை அப்பாவிடம் போய்ச் சொன்னேன். "அவளை வீட்டில் விட்டுவிட்டு நான் மட்டும் வந்தால், என் மனைவியை நானே அவமானப்படுத்தியதாக ஆகும். செலவில் பாதியை நானும்தானே கொடுக்கிறேன்" என்றார். அந்தக் கடைசி வரியை நான் அம்மாவிடம் சொல்லியிருக்கக் கூடாது. சொல்லிவிட்டேன். அன்றிலிருந்து வீட்டில் சாப்பாட்டு நேரத்தில்கூட யாரும் வாய் திறப்பதில்லை.

இப்போது அப்பா சொல்வதை அம்மாவிடமும், அம்மா சொல்வதை அப்பாவிடமும் கொண்டுபோய்க் கொடுப்பதே என் வேலையாக இருக்கிறது. சந்தோஷமாக இருக்கவேண்டிய நேரத்தில் தூக்கம் வராமல் கிடக்கிறேன். சில இரவுகளில், யாரையும் அழைக்காமல் நாங்கள் இரண்டு பேர் மட்டும் கையெழுத்துப் போட்டு முடித்துக்கொள்ளலாமா என்றுகூடத் தோன்றுகிறது. அவர், "நீ எதை முடிவு செய்தாலும் சரி" என்கிறார். அன்பாகத்தான் சொல்கிறார். ஆனால் அதைக் கேட்கும்போது இன்னும் தனியாகிவிட்டதுபோல இருக்கிறது.

இந்த மாதிரி நிலையைக் கடந்து வந்தவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள். நான் யாரை அழைப்பது?


தொடுவானம் எழுதியது

மகளே, நான் ஒரு தாயாகத்தான் பேசமுடியும். இரண்டு பெண்களைத் தனியாக வளர்த்தவள் நான். காய்ச்சல் வந்த இரவுகளில் யார் விழித்திருந்தார்கள், பள்ளிக்கூடத்தில் கையெழுத்துப் போட யார் வந்தார்கள் என்பதை நினைத்துப் பார். உன் அம்மா அப்பாவைத் தடுக்கவில்லை. ஒரே ஒரு ஆளை மட்டும்தான் வேண்டாம் என்கிறார். பன்னிரண்டு வருடம் தாங்கியவர் ஒரு நாள் நிம்மதி கேட்பது பெரிய காரியமா? அந்தப் பெண் வராவிட்டால் யாருக்கும் எதுவும் குறைந்துவிடாது. உன் அம்மா வராவிட்டால் உனக்கு அந்த நாளே இல்லை.


ரயில்பயணி எழுதியது

என் கதை கிட்டத்தட்ட இதேதான், ஆனால் நான் மகன். என் அம்மாவும் இதே வார்த்தையைச் சொன்னார், நானும் அம்மா பக்கம் நின்றேன். அப்பா தன் மனைவி இல்லாமல் வர மறுத்துவிட்டார். கல்யாணம் நன்றாகவே நடந்தது. இரண்டு வருடம் கழித்து அப்பா தவறிவிட்டார்.

இதைச் சொல்வது உங்களைப் பயமுறுத்த இல்லை. அப்பா வராததுகூட இன்று எனக்கு அவ்வளவு உறுத்தவில்லை, அது அவர் எடுத்த முடிவு. உறுத்துவது வேறு. "நீங்கள் மட்டும் வாருங்கள்" என்பதை நான் நேரில் சொல்லவில்லை. அண்ணனிடம் சொல்லி அனுப்பினேன். அண்ணன் எந்தக் குரலில் சொன்னாரோ, என்ன சேர்த்துச் சொன்னாரோ தெரியாது. என் வாயால் என் காரணத்தை அப்பா கேட்கவே இல்லை. கேட்டிருந்தாலும் வந்திருக்கமாட்டார் என்றுதான் நினைக்கிறேன். ஆனாலும் கேட்டிருப்பார்.

யாரை அழைப்பது என்பதற்கு என்னிடம் விடை இல்லை. எந்த முடிவு எடுத்தாலும் நீங்களே போய் எதிரில் உட்கார்ந்து சொல்லுங்கள்.


அமைதிப்பக்கம் எழுதியது

குடும்ப ஆலோசனைத் துறையில் வேலை பார்க்கிறேன். தனிப்பட்ட ஆலோசனையாக எடுத்துக்கொள்ளாமல் பொதுவாகப் படியுங்கள்.

முதலில் ஒரு விஷயம். "சந்தோஷமாக இருக்கவேண்டிய நேரத்தில்" என்று எழுதியிருக்கிறீர்கள். தாமஸ் ஹோம்ஸ், ரிச்சர்ட் ராஹே என்ற இரண்டு மனநல மருத்துவர்கள் 1967இல் வாழ்க்கை மாற்றங்களின் பாரத்தை அளக்க 43 நிகழ்வுகள் கொண்ட ஒரு பட்டியல் வெளியிட்டார்கள். அதற்காக மக்களிடம் கேட்டபோது, திருமணத்தையே அளவுகோலாக வைத்து, மற்றவை அதைவிடக் கனமா லேசா என்று மதிப்பிடச் சொன்னார்கள். பட்டியலில் திருமணத்துக்கு 50, வேலையிலிருந்து நீக்கப்படுவதற்கு 47. துணையின் வீட்டாரோடு உரசல் தனியாக 29. நல்ல மாற்றமும் உடம்பையும் மனதையும் அழுத்தத்தான் செய்யும். தூக்கம் வராததற்காக உங்கள் மேல் நீங்களே குறை காணவேண்டாம்.

இரண்டாவதுதான் முக்கியம். மர்ரே போவன் என்ற அமெரிக்க மனநல மருத்துவர் குடும்பங்களைப் பற்றிச் சொன்ன ஒரு கருத்து உங்கள் பதிவில் அப்படியே இருக்கிறது. இரண்டு பேருக்கு இடையே பதற்றம் தாங்கமுடியாமல் போகும்போது, அவர்கள் மூன்றாவது ஆளை உள்ளே இழுப்பார்கள். வேண்டுமென்று செய்வதில்லை, தானாக நடக்கும். அதை அவர் முக்கோணம் என்றார். மூன்றாவது ஆள் தூது போகிற வரைக்கும் மற்ற இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமலே சண்டையைத் தொடரமுடியும். உங்கள் அம்மாவும் அப்பாவும் பன்னிரண்டு வருடமாக முடிக்காத ஒரு பேச்சு உங்கள் வழியாக ஓடிக்கொண்டிருக்கிறது.

தூதை நிறுத்தினால் அவர்கள் சமாதானம் ஆகிவிடுவார்கள் என்று சொல்லமாட்டேன். பெரும்பாலும் ஆகமாட்டார்கள். ஆனால் நீங்கள் வெளியே வந்துவிடலாம். அதற்கு ஒரு வழக்கம் வைத்துக்கொள்ளுங்கள். அப்பாவைப் பற்றி அம்மா ஏதாவது சொன்னால், "இது உங்களுக்கு எவ்வளவு கஷ்டம் என்று புரிகிறது அம்மா, ஆனால் இதை நான் கொண்டுபோகமாட்டேன்." அப்பாவிடமும் அதே வார்த்தை. முதல் இரண்டு மூன்று தடவை கோபம் வரும். "நீயும் அந்தப் பக்கம் போய்விட்டாயா" என்ற கேள்வி வரும். அதற்கு நீளமாகப் பதில் சொல்லவேண்டாம்.

அப்புறம் உங்கள் வருங்காலக் கணவர். "நீ முடிவு செய்" என்பது மரியாதையாகச் சொன்னதாக இருக்கலாம், ஆனால் முழுப் பாரமும் உங்கள் தலையில் விழுகிறது. இது உங்கள் இருவரின் கல்யாணம். அழைப்பவர்கள் நீங்கள் இருவர். முடிவை அவரோடு உட்கார்ந்து எடுங்கள், "நாங்கள்" என்றே சொல்லுங்கள். பெற்றோர் காதில் அது வேறு மாதிரி விழும்.


பின்வரிசை எழுதியது

இதை எழுதலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். நான் அந்த இன்னொரு பெண். இந்த வீட்டுக்கதை எனக்குத் தெரியாது, என் கதையை மட்டும் சொல்கிறேன். என் கணவரை நான் சந்தித்தபோது அவர் பிரிந்து ஒரு வருடம் ஆகியிருந்தது. அவர் முதல் மனைவி அதை நம்பியதில்லை. நம்பவைக்க நான் போனதும் இல்லை.

அவருடைய மகன் கல்யாணத்துக்கு எங்கள் இருவரையும் அழைத்தார்கள். போனோம். வாசலில் என் கணவரை யாரோ உள்ளே கூட்டிப் போனார்கள். நான் எங்கே உட்காரவேண்டும் என்று யாரும் யோசித்திருக்கவில்லை. முன்வரிசையில் உட்கார்ந்தால் திமிர் என்பார்கள், பின்னால் உட்கார்ந்தால் நாடகம் என்பார்கள் என்று பயந்து கதவுப் பக்கத்திலேயே நின்றேன். நாற்பது நிமிடம் இருக்கும். ஒரு நாற்காலியும் பக்கத்தில் பேச ஓர் ஆளும் இருந்திருந்தால் போதும், அந்த நாள் எனக்கு நல்ல நாளாகவே இருந்திருக்கும்.

அவருடைய மகளின் கல்யாணம் வந்தபோது நான் போகவில்லை. யாரும் தடுக்கவில்லை, நானே முடிவு செய்தேன். கணவரை அனுப்பினேன். பத்து நாள் கழித்து அந்தப் பெண்ணும் மாப்பிள்ளையும் வீட்டுக்கு வந்தார்கள், மாலை முழுக்கப் பேசிக்கொண்டிருந்தோம். போகாதது வருத்தமாகத்தான் இருந்தது, ஆனால் தாங்கமுடிந்தது. காரணம், அவள் முன்னாலேயே என்னைக் கூப்பிட்டுப் பேசினாள். "நீங்கள் வந்தால் எனக்குச் சந்தோஷம். அம்மாவுக்குக் கஷ்டமாக இருக்கும். இரண்டும் உண்மை" என்றாள். எனக்கும் ஒரு மனசு இருக்கிறது என்று நினைத்துப் பேசிய முதல் ஆள் அந்தக் குடும்பத்தில் அவள்தான்.

உங்கள் அப்பாவின் மனைவியிடம் யாராவது எதையாவது கேட்டார்களா? அவர் வர விரும்புகிறாரா என்றே உங்கள் பதிவில் இல்லை.


தொடுவானம் எழுதியது

பின்வரிசை எழுதியதைப் படித்தேன். உங்கள் வலி புரியாமல் இல்லை. ஆனால் "நானே முடிவு செய்தேன்" என்று சொல்லும் இடம் உங்களுக்குக் கிடைத்தது. இந்தப் பெண்ணின் அம்மாவுக்கு அந்த இடத்தை யார் கொடுத்தார்கள்? பிரிவதையும் அவர் முடிவு செய்யவில்லை, மறுமணத்தையும் முடிவு செய்யவில்லை. தன் மகள் கல்யாணத்தில் ஒரே ஒரு விஷயத்தை முடிவு செய்யப் பார்க்கிறார். அதையும் எல்லோரும் சேர்ந்து தப்பு என்கிறீர்கள்.


நடுவில்நான் எழுதியது

எல்லோருக்கும் நன்றி. ஒவ்வொன்றையும் நான்கைந்து தடவை படித்தேன்.

ரயில்பயணி, நீங்கள் எழுதியதைப் படித்தபோது எனக்குள் ஏதோ இறுகிவிட்டது. நான் எல்லாவற்றையும் நேரில்தான் பேசுகிறேன், ஆனால் என் வார்த்தையைப் பேசவில்லை. ஒருவர் வார்த்தையை இன்னொருவரிடம் பேசுகிறேன். எனக்கு என்ன வேண்டும் என்று இரண்டு பேரிடமும் இதுவரை நான் சொல்லவே இல்லை என்பது இப்போதுதான் உறைத்தது.

தொடுவானம் அம்மா, நீங்கள் கடைசியாக எழுதியது எனக்கு ரொம்ப முக்கியம். அம்மா எதையுமே முடிவு செய்யவில்லை என்ற வரி. நான் அப்படி யோசித்ததே இல்லை.

பின்வரிசை, இல்லை, யாரும் அவரிடம் கேட்கவில்லை. பன்னிரண்டு வருடத்தில் நான் அவரோடு நேராகப் பேசியது பத்து தடவை இருக்கும். பேசினால் அம்மாவுக்குத் துரோகம் செய்வதுபோல இருக்கும்.

ஒரு கேள்வி. அப்பா தரும் பணத்தை என்ன செய்வது? அது இல்லாமல் திட்டமிட்டபடி நடத்தமுடியாது. வாங்கினால் அவர் சொல்வதைக் கேட்கவேண்டும்போல இருக்கிறது.


கணக்குநோட்டு எழுதியது

பணத்தைப் பற்றி மட்டும். கொடுப்பவர் அதைப் பரிசாக நினைக்கிறாரா, பங்காக நினைக்கிறாரா என்பதை வாங்கும் முன் கேட்டுவிடவேண்டும். யாரும் கேட்பதில்லை, கேட்டால் நன்றியில்லாத மாதிரி இருக்கும் என்று பயம். பிறகு பாதி வேலை முடிந்தபின் "நான்தானே கொடுத்தேன்" என்ற வார்த்தை வருகிறது. உங்கள் அப்பா அதை ஏற்கெனவே சொல்லிவிட்டார். ஒரு விதத்தில் நல்லது, இப்போதே தெரிந்துவிட்டது.

இப்படிக் கேளுங்கள்: "அப்பா, நீங்கள் தருவது எங்களுக்குப் பெரிய உதவி. யாரை அழைப்பது என்பதை நாங்கள் இருவரும்தான் முடிவு செய்வோம். அது உங்களுக்கு ஒத்துவராத முடிவாக இருந்தாலும் இந்தப் பணத்தைக் கொடுக்க உங்களுக்குச் சம்மதமா?" இல்லை என்றால் கோபப்படாமல் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். ஆட்களைக் குறையுங்கள், இடத்தைச் சின்னதாக்குங்கள். முன்பணம் எங்கெங்கே கொடுத்திருக்கிறீர்கள், எதில் எவ்வளவு திரும்ப வரும், கடைசித் தேதி எது என்று இன்றைக்கே ஒரு தாளில் எழுதுங்கள். அது தெரியாமல் அப்பாவிடம் பேசப் போகாதீர்கள். கையில் கணக்கு இல்லாதவருக்குப் பேச்சில் பயம் வந்துவிடும்.

என் தங்கை கல்யாணத்தில் நாங்கள் செய்தது: கொடுப்பவர்கள் ஒவ்வொருவரும் ஒரு குறிப்பிட்ட செலவை ஏற்றுக்கொண்டார்கள். ஒருவர் போக்குவரத்து, ஒருவர் உடை. பொதுவாகப் "பாதி" என்று யாரும் கொடுக்கவில்லை. பாதி என்று சொன்னாலே முழுவதிலும் உரிமை வந்துவிடுகிறது.


புதுமலர் எழுதியது

நடுவில் குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். எனக்கும் இரண்டு மாதத்தில் கல்யாணம். எங்கள் வீட்டில் சண்டை எதுவும் இல்லை, எல்லோருக்கும் சந்தோஷம். எனக்குத்தான் அவரை நினைத்தால் ஏதோ தயக்கம். கல்யாணப் பதற்றம் என்று எல்லோரும் சொல்கிறார்கள். எல்லாவற்றுக்கும் பணம் கட்டியாகிவிட்டது. இதைத் தனியாக எழுதத் துணிவு வரவில்லை.


அமைதிப்பக்கம் எழுதியது

புதுமலர், இங்கே எழுதியது நல்லதே. "எல்லோருக்கும் வருவதுதான்" என்ற பதில் பாதிதான் சரி. 2012இல் ஜஸ்டின் லாவ்னரும் அவருடைய சக ஆய்வாளர்களும் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். லாஸ் ஏஞ்சலஸில் புதிதாகத் திருமணமான 232 தம்பதிகளிடம், திருமணத்துக்கு முன் தயக்கம் இருந்ததா என்று கேட்டிருக்கிறார்கள். கணவர்களில் 47 சதவீதம், மனைவிகளில் 38 சதவீதம் பேர் ஆமாம் என்றார்கள். ஆக, தயக்கம் அபூர்வம் இல்லை. ஆனால் நான்கு வருடம் கழித்துப் பார்த்தபோது, தயக்கம் இருந்ததாகச் சொன்ன பெண்களில் 19 சதவீதம் பேர் விவாகரத்து ஆகியிருந்தார்கள். தயக்கம் இல்லாதவர்களில் 8 சதவீதம். தயங்கியவர்களிலும் பெரும்பாலானோர் சேர்ந்தேதான் இருந்தார்கள் என்பதையும் கவனியுங்கள். தயக்கத்தைப் பார்த்துப் பயந்து ஓடவும் வேண்டாம், மூடிவைக்கவும் வேண்டாம்.

அந்த நாளை நினைத்தால் பயமா, அதற்கு அடுத்த வருடத்தின் ஒரு சாதாரண நாளில் அவரோடு இருப்பதை நினைத்தால் பயமா? இரண்டாவது என்றால் அவரிடமே பேசவேண்டும், கல்யாணத்துக்கு முன்பே. கட்டிய பணத்தை இந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள், எந்த முடிவு எடுத்தாலும் அது போனது போனதுதான். தனி இழை தொடங்குங்கள், நான் வந்து எழுதுகிறேன்.


கேமராக்காரன் எழுதியது

கல்யாணப் படங்கள் எடுப்பது என் தொழில். பிரிந்த பெற்றோர் இருக்கும் கல்யாணங்கள் நிறைய எடுத்திருக்கிறேன். சண்டை நடந்து பார்த்தது ரொம்பக் குறைவு. வலி வருவது வேறு இடத்தில். விஷயம் தெரியாத ஒருவர், பெரும்பாலும் என் உதவியாளரோ மைக் பிடித்திருப்பவரோ, "பெண்ணோட அம்மா அப்பா ரெண்டு பேரும் மேடைக்கு வாங்க" என்று சத்தமாகக் கூப்பிடுவார். மண்டபமே திரும்பிப் பார்க்கும். அந்த ஒரு நிமிடத்தில் அந்த இரண்டு பேர் முகமும் போகிற போக்கைப் பார்த்திருக்கிறேன். யாரும் கெட்டவர்கள் இல்லை, யாரும் சொல்லிவைக்கவில்லை, அவ்வளவுதான்.

அதனால் படம் எடுப்பவரிடமும் மைக் பிடிப்பவரிடமும் முன்கூட்டியே விஷயத்தைச் சொல்லுங்கள். கூச்சப்படவேண்டாம், எங்களுக்கு இது புதிது இல்லை. யார் யார் எந்தப் படத்தில் சேர்ந்து நிற்பார்கள் என்று ஒரு பட்டியல் எழுதிக் கொடுங்கள். முதலில் அம்மா, தம்பி, அம்மா வழிச் சொந்தங்கள். அவர்கள் இறங்கிப் போனபின் நண்பர்கள் கூட்டம் ஒன்று வரட்டும். அதற்குப் பிறகு அப்பா. நடுவில் நண்பர்களை விட்டால் மேடைப் படியில் எதிரெதிரே சந்திக்கும் நிலை வராது. குடும்பத்தில் எல்லோரையும் அடையாளம் தெரிந்த ஒருவர் என் பக்கத்திலேயே நிற்கவேண்டும். அவர் போய் அமைதியாகக் கூப்பிட்டு வருவார்.

நாற்காலிகளை எதிரெதிரே போடாதீர்கள். ஒரே பக்கம் பார்த்து உட்கார்ந்தால், இருவரும் பார்ப்பது உங்களைத்தான். எதிரெதிரே உட்கார்ந்தால் நிமிர்ந்தாலே ஒருவர் முகம் இன்னொருவருக்குத் தெரியும். மூன்று மணி நேரம் அப்படி உட்காருவது கொடுமை.


நடுவில்நான் எழுதியது
(எட்டு நாள் கழித்து)

நடந்ததைச் சொல்ல வந்தேன்.

முதலில் அவரோடு உட்கார்ந்தேன். "நீ முடிவு செய் என்று சொல்லாதே, எனக்குத் தனியாக இருக்கிறது" என்றேன். என் குடும்பத்து விஷயத்தில் மூக்கை நுழைக்கக் கூடாது என்று நினைத்துத்தான் ஒதுங்கியிருந்தாராம். இரண்டு பேரும் சேர்ந்து ஒரு முடிவு எடுத்தோம்: மூன்று பேரையும் அழைப்போம், ஒவ்வொருவரிடமும் நேரில் சொல்வோம், வருவதும் வராததும் அவரவர் முடிவு, வராதவர் மேல் கோபப்படமாட்டோம்.

அப்புறம் அம்மா. "அவள் வந்தால் வருவீர்களா மாட்டீர்களா" என்று கேட்டால் பழைய பதில்தான் வரும் என்று தெரியும். கேமராக்காரன் எழுதியது மனதில் இருந்தது, அதனால் வேறு மாதிரி கேட்டேன். "அம்மா, அந்த நாளில் எந்த நிமிடத்தை நினைத்தால் உங்களுக்குத் தாங்கமுடியாமல் இருக்கிறது?"

ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார்: "அவர்கள் இரண்டு பேரும் ஜோடியாக வந்து இறங்குவார்கள். எல்லோரும் அவர்களைப் பார்த்துவிட்டு, உடனே திரும்பி என் முகத்தைப் பார்ப்பார்கள். நான் தனியாக நின்றுகொண்டிருப்பேன்."

அவ்வளவுதான். நான் பன்னிரண்டு வருடமாக வெறுப்பு என்று நினைத்திருந்தது இதுதான். தனியாக நிற்பது. அந்தப் பெண்ணைப் பற்றி அன்றைக்கு அம்மா ஒரு வார்த்தை பேசவில்லை.

நான் அழுதுவிட்டேன், அம்மா அழவில்லை. "மூவரையும் அழைக்கிறோம் அம்மா. நீங்கள் வராவிட்டால் எனக்கு அந்த நாள் பாதி நாள்தான். ஆனாலும் கட்டாயப்படுத்தமாட்டேன்" என்றேன். "யோசிக்கிறேன்" என்றார். அதற்கு மேல் எதுவும் இல்லை.


அமைதிப்பக்கம் எழுதியது

அந்தக் கேள்வியை நானே இவ்வளவு நன்றாகக் கேட்டிருக்கமாட்டேன்.

பாலின் பாஸ் என்ற ஆய்வாளர் 1970களில் ஒருவகை இழப்பைப் பற்றிப் பேசத் தொடங்கினார். ஆள் இருக்கிறார், ஆனால் நம்மோடு இல்லை. இறப்பாக இருந்தால் ஊர் கூடி அழும், ஆறுதல் சொல்லும், ஒரு முடிவு இருக்கும். இதில் எதுவும் கிடையாது. விவாகரத்தும் பல பேருக்கு அப்படித்தான். உங்கள் அம்மாவின் இழப்புக்கு யாரும் துக்கம் விசாரிக்க வந்திருக்கமாட்டார்கள். இப்போது அதே ஊர் முன்னால் நிற்கவேண்டியிருக்கிறது. "வரமாட்டேன்" என்பதற்குள் இது எல்லாம் இருக்கலாம். "யோசிக்கிறேன்" என்றதை அவசரப்படுத்தாதீர்கள்.


தொடுவானம் எழுதியது

மகளே, நீ கேட்ட கேள்வியை என் பெண்கள் யாராவது என்னிடம் கேட்டிருந்தால் நானும் இதையேதான் சொல்லியிருப்பேன். மூவரையும் அழைப்பதில் எனக்கு இன்னமும் உடன்பாடு இல்லை. அதை மாற்றிச் சொல்லமாட்டேன். ஆனால் அழைக்கத்தான் போகிறாய் என்றால் ஒன்று செய். அன்று காலையிலிருந்து இரவு வரை அம்மா பக்கத்தில் ஒருவர் இருக்கவேண்டும். பேருக்கு இல்லை, வேறு எந்த வேலையும் கொடுக்கப்படாத ஒருவர். உன் தம்பியிடம் அதைக் கேள். அக்கா கல்யாணம் என்று அவன் ஓடியாடிக்கொண்டிருந்தால் அம்மா தனியாகத்தான் இருப்பார். இன்னொன்று, ஜோடியாக வந்து இறங்குவதுதான் பயம் என்றால், அம்மா வாசலில் நின்று வரவேற்கவேண்டாம். அவர் முன்பே உள்ளே உன்னோடு இருக்கட்டும்.


ரயில்பயணி எழுதியது

தம்பியைப் பற்றி ஒரு வார்த்தை. அவனை அப்பாவோடு பேசவைக்க இந்தக் கல்யாணத்தைப் பயன்படுத்தாதீர்கள். அவன் பக்கத்தில் நானும் இருந்திருக்கிறேன். "அக்காவுக்காகப் பேசு" என்று சொன்னால் பேசிவிடுவான், அப்புறம் உங்களோடு பேசுவதைக் குறைத்துக்கொள்வான்.


நடுவில்நான் எழுதியது
(மேலும் இரண்டு வாரம் கழித்து)

அப்பாவிடம் பேசியது அவ்வளவு நன்றாகப் போகவில்லை. கணக்குநோட்டு சொன்னபடி தாளில் எல்லாம் எழுதிக்கொண்டு போனேன். பணத்தைப் பற்றிக் கேட்டதும், "என்னை வெளியாள் மாதிரி பேசுகிறாய்" என்று எழுந்து போய்விட்டார். நானும் கூட வந்திருந்த என் வருங்காலக் கணவரும் கூடத்தில் உட்கார்ந்திருந்தோம். அப்போது அவர் மனைவி வந்து எதிரில் உட்கார்ந்தார். பின்வரிசை, நீங்கள் கேட்ட கேள்வியை அப்போதுதான் கேட்டேன்: "உங்களுக்கு வர விருப்பமா?"

"உன் கல்யாணத்தைப் பார்க்க ஆசை. உன் அம்மா எதிரில் நிற்கத் துணிவில்லை" என்றார். அப்பாவிடம் இதை அவர் சொன்னதே இல்லை போலிருக்கிறது. "அவருக்கு நான் வந்தே ஆகவேண்டும். நான் வராவிட்டால் தான் தோற்றதாக நினைப்பார்" என்றார். நான் அவரிடம், "இதை நான் அப்பாவிடம் சொல்லமாட்டேன், நீங்கள்தான் சொல்லவேண்டும்" என்றேன். சொல்லும்போது குரல் நடுங்கியது. ஆனால் சொல்லிவிட்டேன்.

மூன்று நாள் கழித்து அப்பா கூப்பிட்டார். பணத்துக்கு நிபந்தனை எதுவும் இல்லை என்றார், கொஞ்சம் கோபமாகவே. போக்குவரத்துச் செலவை மட்டும் அவர் ஏற்றுக்கொள்வதாகப் பேசிக்கொண்டோம். மீதியை நாங்கள் குறைத்துக்கொண்டோம். ஆட்கள் பாதிக்கும் கீழே வந்துவிட்டார்கள், எனக்கு அது நிம்மதியாகத்தான் இருக்கிறது. அவர் மனைவி கல்யாண நேரத்துக்கு வரவில்லை, மாலையில் நடக்கும் விருந்துக்கு ஒரு மணி நேரம் வருகிறார். அதை அவரே சொன்னார். அவருக்கு எங்கே நாற்காலி, யார் பக்கத்தில் இருப்பது என்பதையும் எழுதிவிட்டேன். என் தோழி ஒருத்தி அதற்கு ஒத்துக்கொண்டாள்.

தம்பியிடம் அப்பாவைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. அம்மா பக்கத்தில் இருப்பாயா என்று மட்டும் கேட்டேன். "அதை நீ சொல்லவேண்டுமா" என்றான்.

அம்மா இன்னும் வருகிறேன் என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. நேற்று அழைப்பிதழின் அச்சுப்படி வந்தது. மேசைமேல் வைத்துவிட்டுக் குளிக்கப் போனேன். திரும்பி வந்து பார்த்தபோது அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அதைப் படித்துக்கொண்டிருந்தார். தன் பெயரில் ஒரு புள்ளி விடுபட்டிருந்ததைச் சிவப்புப் பேனாவால் திருத்தி, "இதைச் சரிசெய்துவிட்டு அச்சடிக்கச் சொல்" என்று என் கையில் கொடுத்தார்.